ஒதுக்கியதில் ஊறும் சுவை

நன்றி என்பது யாது? நாவால் உரைப்பதா, கையால் காட்டுவதா?

அமெரிக்க நாட்டில் நவம்பர்த் திங்களின் நான்காம் வியாழன் நன்றியறிதல் திருநாள்; 1941-இல் சட்டத்தால் உறுதிபெற்ற நாள் அது. அன்றைய விருந்தில் தலைமை வான்கோழிக்கே. ஆயினும் வாட்டிய தட்டில் வடிந்த சாற்றையும், ஒதுக்கிய கழுத்தையும் நல்ல இல்லத்தார் எறிவதில்லை. கழுத்தை வேகவைத்துச் சாறெடுப்பர். வடிந்த கொழுப்பில் மாவை வறுத்து, அச்சாற்றைச் சிறிது சிறிதாக ஊற்றிக் கிளறுவர். விரைந்தால் கட்டி தட்டும், பொறுத்தால் குழம்பாகும்.

கொன்றபின் நன்றி எதற்கு என்பாரும் உளர். அவ்வினாவுக்கு இக்குழம்பு விடையாகாது. எனினும், கொன்றதை வீணாக்குதலும் சேர்ந்தால் குற்றம் இரட்டிக்கும் அன்றோ? பெற்றதில் ஒரு துளியும் சிந்தாது காத்தல், கை கூறும் நன்றி. நாவின் நன்றி அதற்குப் பின்னரே பொருள் பெறும்.