நடந்ததை நடவாததாக்கலாமா?

நம்மால் ஒரு தவறு நிகழ்ந்துவிட்டது. பிறர்க்குக் கேடும் விளைந்துவிட்டது. அந்நிலையில் நாம் விரும்ப வேண்டுவது, அத்தவறு நிகழாமலே போயிருக்க வேண்டும் என்பதையா, இனிச் செய்யத்தக்கது யாது என்பதையா? இவ்வினாவை நம்முள் எழுப்பியது பேரப்பிள்ளை கணிப்பொறியில் ஆடும் ஓர் ஆட்டம் என்றால் வாசக அன்பர்கள் வியப்புறக்கூடும்.

2009ஆம் ஆண்டில் ரயட் கேம்ஸ் என்னும் அமெரிக்க நிறுவனம் ‘லீக் ஆஃப் லெஜண்ட்ஸ்’ என்ற ஆட்டத்தை வெளியிட்டது. அணிக்கு ஐவராக இரு அணியினர் பொருதும் ஆட்டம் அது. போர் என்றதும் முகஞ்சுளித்தோம். இன்றும் அதில் நமக்கு விருப்பமில்லை. ஆயினும் அதில் வரும் வீரர் ஒவ்வொருவர்க்கும் ரூன்டெர்ரா என்னும் கற்பனை உலகில் ஒரு வரலாறு புனைந்து வைத்திருக்கிறார்கள். அவற்றுள் ஜிலியன் என்னும் முதிய மந்திரவாதியின் கதையைப் பேரன் சொல்லக் கேட்டபோது, கையிலிருந்த முறத்தை வைத்துவிட்டு அமர்ந்துவிட்டோம்.

ஜிலியனுடைய நாடு இக்காத்தியா. அது ஷுரிமா என்னும் பேரரசுக்கு அடிமைப்பட்டிருந்தது. விடுதலை வேண்டிக் கிளர்ந்தெழுந்த இக்காத்தியர், பேரரசின் படையை வெல்லும் பொருட்டு, ‘வெறுமை’ எனப்படும் பேரழிவு ஆற்றலைக் கட்டவிழ்த்துவிட்டனர். அது பகைவரோடு நில்லாமல், ஏவியவரின் நாட்டையே விழுங்கிவிட்டது. அதனை ஜிலியன் கண்ணாரக் கண்டான். மாண்டவர்க்காக வருந்த ஒரு நிமிடத்தையும் ஒதுக்காமல், காலத்தை ஆளும் பழைய மந்திரங்களைக் கைக்கொண்டான். சாவும் அவனை அணுகாதாயிற்று. முதுகில் பெரியதொரு கடிகாரத்தைச் சுமந்தபடி முக்காலத்திலும் அலைந்து, அவ்வழிவை இல்லாமலாக்கும் ஒரு கணத்தைத் தேடிக்கொண்டே இருக்கிறான். இன்னும் கிட்டியபாடில்லை.

அவன் தேட்டம் இழிவானதென்று சொல்ல நமக்கு மனமில்லை. தன் ஊரார் அனைவரையும் மீட்க விழைபவனை யார் பழிப்பார்? ஆனால் இக்காத்தியாவை அழித்தது வெள்ளமோ நிலநடுக்கமோ அன்று. பகைவன் ஒழிவானாயின் எவ்வாயுதமும் தகும் என்று மக்கள் துணிந்த துணிவே அழித்தது. கடிகாரத்தின் முள்ளைப் பின்னோக்கித் தள்ளினால் அத்துணிவும் தளருமோ? விளைவை அறிந்தவன் அவன் ஒருவனே. மற்றையோர் முன்போலவே அடிமைத்தளையின் வெகுளியோடு நிற்பார்கள். மேலும், இறந்தவர் இனி இல்லை என்று ஒப்புக்கொண்டாலன்றி அவர்க்காக அழ முடியாது. தேடுகின்றவரை அவர்களுக்கு அவன் கண்ணீர்க்கடன் பாக்கி.

நாம் பணியிலிருந்த நாளில், ஐந்தாம் வகுப்புச் சிறுவன் ஒருவன் பிறிதொருவனின் பேனாவை எடுத்துவிட்டான் என்று கருதி, வகுப்பின் முன் நிறுத்திக் கடிந்துகொண்டோம். மறுநாள் பேனா அதற்குரியவன் வீட்டிலேயே கிடைத்தது. அதன்பின் மூன்று நாள் நாம் அச்சிறுவனிடம் ஒன்றும் பேசவில்லை. மறந்துவிட்டோமா என்றால், இல்லை. இரவெல்லாம் அதே நினைவுதான். ‘தனியே அழைத்துக் கேட்டிருக்கலாமே, ஒருநாள் பொறுத்திருக்கலாமே’ என்று அந்த வகுப்பு நேரத்தைத் திரும்பத் திரும்ப மனத்துள் ஓட்டி, ஒவ்வொரு முறையும் நம்மை நல்லவராக்கிக் கொண்டோம். அவனோ கடைசி வரிசைக்குப் போய்விட்டிருந்தான். நான்காம் நாள் அனைவர் முன்னிலையிலும், தவறு நம்முடையது என்று சொன்னோம். “சரிங்க டீச்சர்” என்றான். மறுவாரமும் அவன் முன்வரிசைக்கு வரவில்லை. ஜிலியனுக்கு ஊழிக்காலம், நமக்கு மூன்று நாள். செய்த வேலை ஒன்றே.

அதே கற்பனை உலகில் எக்கோ என்றோர் இளைஞனும் உண்டு. ஸான் என்னும் வறிய நகரில் வளர்ந்தவன். கருவிகள் செய்வதில் வல்லவன். இவ்வுலகை வைத்து எடுத்த ‘ஆர்கேன்’ தொடரின் இரண்டாம் பகுதி 2024இல் நெட்ஃபிளிக்ஸில் வந்தது. அதில் எக்கோ செய்த பொறி காலத்தை 4 வினாடி மட்டுமே பின்னோக்கும். அவன் இளமைத் தோழி ஜிங்க்ஸ், இழப்பெல்லாம் பொறாதவளாய் உயிர்விடத் துணிகிறாள். அவன் பொறியை முடுக்குகிறான், பேசுகிறான், அவள் கேளாள். மீண்டும் முடுக்குகிறான். அவள் நிற்கும்வரை சலிக்காமல் அருகிலிருந்து பேசுகிறான். அவள் இழந்தவர்கள் மீளவில்லை. அவளால் மாண்டவர்களும் மீளவில்லை. நாலு வினாடியில் அதெல்லாம் ஆகாது. ஒரு சொல்லை மாற்றிச் சொல்ல அது போதும். அந்தச் சிறுவன் விழிநீரை அடக்கியபடி நம்மைப் பார்த்ததும் அவ்வளவு நேரந்தான் இருக்கும்.

ஜிலியனிடம் இன்னொரு திறமும் உண்டென்று பேரன் சொன்னான். ஆட்டத்தில் காலம் செல்லச் செல்ல அவன் அனுபவத்தைச் சேமித்து வைப்பானாம். வேண்டும்போது அணித்தோழர்க்கு வழங்கி அவர்களை ஒருபடி உயர்த்துவானாம். நாடு பெயர்ந்த கிழவனுக்கு இப்படியும் ஒரு பணியைக் கொடுத்த கற்பனையாளர் யாரோ, வாழ்க.

“யாருக்கு முதலில் கொடுப்பாய்?” என்று கேட்டோம்.

“அதிகம் செத்துப் பின்தங்கினவனுக்குத்தான், பாட்டி” என்றான், திரையினின்றும் கண்ணை எடுக்காமலே.