முதுகுவலி யாருக்கு?

ஆஸ்திரேலியாவில், மெல்போர்னின் புறநகரில் உங்கள் மகள் வீடு வாங்கியிருக்கிறாள் என்று வைத்துக்கொள்ளுங்கள். கொல்லையில் ஒரு பாத்தி கொத்தமல்லி, ஒரு பாத்தி பார்ஸ்லி. காலையில் போய்ப் பார்த்தால், மொட்டை! கத்தரிக்கோலால் நறுக்கினாற்போல் தண்டு மட்டும் நிற்கிறது. வேலை யாருடையது? முயலாருடையது.

'திருட்டு முயல்' என்று கோபம் வருவது சகஜம்தான். ஆனால் யோசித்துப் பாருங்கள். திருட வேண்டுமானால், 'இது அடுத்தவர் சொத்து' என்று தெரிந்திருக்க வேண்டும். பட்டா, பத்திரமெல்லாம் நாமே எழுதிக்கொண்டது. முயலிடம் யாரும் கையெழுத்து வாங்கவில்லையே!

தவிர, அந்த நாட்டுக்கு அது தானாக வரவில்லை. 1859-ல் தாமஸ் ஆஸ்டின் என்ற பண்ணைக்காரர், வேட்டையாடிப் பொழுதுபோக்க இங்கிலாந்திலிருந்து இரண்டு டஜன் முயல்களை வரவழைத்து விக்டோரியாவில் அவிழ்த்துவிட்டார். கோடிக்கணக்கில் பெருகிவிட்டன. மேற்கு ஆஸ்திரேலியாவுக்குள் நுழையாமல் தடுக்க 1901-ல் வேலி கட்ட ஆரம்பித்து 1907-ல் முடித்தார்கள். முதல் வேலி மட்டும் 1,800 கிலோமீட்டருக்கு மேல். முடிவதற்குள் முயல் அந்தப் பக்கம் போய்விட்டது! 1950-ல் மிக்ஸோமா வைரஸைப் பரப்பினார்கள். கண் வீங்கி, பார்வை போய், நாள்கணக்கில் துடித்துச் சாகிற வியாதி. கோடிக்கணக்கில் செத்தன. மிஞ்சியவற்றுக்கு எதிர்ப்புச் சக்தி வந்துவிட்டது.

'அதற்காக, என் கொத்தமல்லியை முயலுக்குத் தாரை வார்க்கவா?' என்பீர்கள். வேண்டாம். காப்பாற்றிக்கொள்ள உங்களுக்கு உரிமை உண்டு. அந்தக் காப்பாற்றலின் செலவை யார் ஏற்பது என்பதுதான் கேள்வி.

விஷம் வைத்தால், செலவு முழுக்க முயலின் தலையில். சில சமயம், செத்த முயலைத் தின்னும் கழுகின் தலையிலும். கம்பி வலை அடித்தால், செலவு நம் தலையில். ஓர் அங்குலக் கண் உள்ள வலை, மூன்றடி உயரம். முயல் தோண்டும் என்பதால், அடியில் அரையடி மண்ணுக்குள் புதைத்து வெளிப்பக்கமாக மடக்கிவிட வேண்டும். ஒரு ஞாயிற்றுக்கிழமை போகும். முதுகு வலிக்கும். முயலோ முட்டிப் பார்த்துவிட்டு, வேறிடத்தில் புல் தேடிப் போய்விடும்.

ஒரு நாட்டின் காடும் விளைநிலமும் அழியும்போது கொல்லாமல் இருக்க முடியுமா என்பது கஷ்டமான கேள்வி. அங்கே வாதாட இடம் உண்டு. இரண்டு பாத்திக்காக அந்த வாதத்தை நாம் இரவல் வாங்கக் கூடாது.

ஆசைப்பட்டு நட்டது நாம். முதுகுவலியும் நமக்கே வருவதுதான் நியாயம், இல்லையா?