புட்டியில் அடைத்த கனி

நாளைக்கென உணவைச் சேமித்து வைத்தல் இறைப்பராமரிப்பின் மீது கொண்ட ஐயமாகுமா? வானத்துப் பறவைகளைக் காட்டி ஆண்டவர் கூறிய போதனையைக் கேட்டு வளர்ந்த நமக்கு, அடுக்களையில் வரிசையாக நிற்கும் ஊறுகாய்ச் சாடிகள் சிறிது கூச்சத்தைத் தரவேண்டும். ஆயினும், இளையரசனேந்தலைச் சூழ்ந்த கரிசல் பூமியில் அதற்காகக் கூச்சம் கொள்வாரை நான் கண்டதில்லை. மழையை நம்பி வாழும் மண்ணில் வற்றலும் உப்பிட்ட நார்த்தங்காயும் குடும்பத்தின் காப்பு.

மேற்கே மலையடிவாரத்துப் புளியங்குடி எலுமிச்சை வாணிபத்துக்குப் பெயர்பெற்றது. கோடையில் உயரும் பழத்தின் விலை, வரத்து மிகும்போது சரிந்துவிடும். பறிப்புக் கூலிக்கும் கட்டாத பழம் மரத்தடியிலேயே அழுகும். ஊறுகாய்க்குப் போக மீந்ததை மார்மலேடு ஆக்கலாம். (சீமை மாதுளையைக் குறிக்கும் போர்த்துக்கீசியச் சொல்லிலிருந்து பிறந்த பெயர் அது, மேசையும் சாவியும் அம்மொழி நமக்குத் தந்தவையே.) தோலை மெல்லிதாக அரிந்து, இரவு முழுதும் நீரில் ஊறவிட்டு, விதைகளைத் துணியில் முடிந்து உடன் வேகவைக்க வேண்டும், விதையிலும் வெண்தோலிலும் உள்ள பெக்டின்தான் பின்னர் பாகை உறையச் செய்கிறது. தோல் விரலிடையே மசியும்வரை சர்க்கரை சேர்க்கலாகாது. முந்திச் சேர்த்தால் தோல் விறைத்துவிடும். பிறகு எவ்வளவு கொதித்தாலும் இளகாது. இழவு வீட்டில் அவசரமாக ஆறுதல் மொழிவோர் இதை அறிந்திருத்தல் நன்று. குழைந்தபின் ஏறத்தாழச் சம எடை சர்க்கரையிட்டு, 105 பாகை செல்சியசு அளவுக்குக் காய்ச்சவேண்டும். குளிர்ந்த தட்டில் ஒரு துளியிட்டு விரலால் தள்ளினால் சுருக்கம் விழும், அதுவே பதம். சர்க்கரை நீரைத் தன்னோடு பிணைத்துக்கொள்வதால் கெடுக்கும் நுண்ணுயிர்கள் பெருக வழியின்றிப் போகிறது.

ஐயத்துக்கு வருவோம். விடுதலைப் பயண நூலின் 16-ஆம் அதிகாரத்தில், மறுநாளுக்கென ஒளித்துவைத்த மன்னா புழுத்து நாறியது. ஆனால் ஓய்வுநாளுக்காக முந்தின நாளில் இரட்டிப்பாகச் சேர்த்தது கெடவில்லை. வருந்தலைமுறைகள் காணும்படி ஓமர் அளவு மன்னாவைச் சாடியிலிட்டு ஆண்டவர் திருமுன் வைக்கவும் கட்டளை பிறந்தது. ஒரே மன்னாதான், எதற்காக வைத்தார்கள் என்பதில்தான் வேறுபாடு. லூக்கா நற்செய்தியின் அறிவற்ற செல்வனும் தன் நெஞ்சோடு மட்டுமே பேசுகிறான். அவனது களஞ்சியக் கணக்கில் அயலான் ஒருவனும் இல்லை. 4-ஆம் நூற்றாண்டில் செசரியா ஆயர் புனித பசிலியார் இவனைப் பற்றி மறையுரையாற்றியதோடு நில்லாமல், பஞ்சத்தில் ஏழைகளுக்கு உணவும் வழங்கினார்.

ஆகவே பிறருக்காகச் சேமித்தால் குற்றமில்லை என்று சொல்லி முடித்துவிடலாம். யோசேப்பின் வரலாறு அவ்வாறு முடிக்க விடுவதில்லை. எகிப்தின் விளைச்சலில் ஐந்தில் ஒரு பங்கை ஏழு ஆண்டுகள் சேர்த்து உயிர்களைக் காத்தவர் அவர். நாம் மறையுரைகளில் அத்துடன் நிறுத்திக்கொள்கிறோம். தொடக்கநூல் 47-ஆம் அதிகாரம் நிறுத்தவில்லை. பசித்த மக்கள் முதலில் பணத்தையும், பின்பு கால்நடைகளையும், இறுதியில் நிலத்தையும் தங்களையுமே கொடுத்துத் தானியம் பெற்றனர். சரிந்த விலைக்கு வாங்கிய பழத்தைப் புட்டியில் அடைத்து, கோடைக்கு விலை குறிக்கும் கைகளும் நம் பங்குகளில் உள்ளன. தங்களைக் காப்பாற்றியதாக அம்மக்கள் யோசேப்பிடம் கூறினர் என்றும் அங்கு எழுதியிருக்கிறது. அந்த வரியை என்னால் எளிதில் வாசித்துக் கடக்க இயலவில்லை. அக்களஞ்சியத்தில் முதலில் கொட்டப்பட்டது அவர்கள் வயல்களில் விளைந்த தானியமன்றோ?