பாதுஷாவின் உருளைக்கிழங்கு

பழைய தில்லியில் உணவுச் சுற்றுலா போகிறவர்களுக்கு முதல் தட்டு வருவதற்கு முன்பே ஒரு பாதுஷாவைப் பரிமாறிவிடுவார்கள். பெரும்பாலும் ஷாஜஹான். 1639இல் செங்கோட்டைக்கு அடிக்கல் நாட்டி, 1648இல் தன் புதிய தலைநகரத்துக்குள் குடிபுகுந்தவர். கதை இப்படிப் போகும்: புது ஊரின் யமுனைத் தண்ணீர் ஜனங்களுக்கு ஒத்துக்கொள்ளவில்லை. எல்லோருக்கும் வயிற்றுக் கோளாறு. அரண்மனை ஹக்கீம் யோசித்தார். புளியும் மிளகாயும் சீரகமும் தயிரும் சேர்த்துச் சாப்பிட்டால் தண்ணீரின் தோஷம் போய்விடும் என்றார். சாட் பிறந்தது.

காரமும் புளிப்பும் நாக்கில் ஏறிக்கொண்டிருக்கும்போது ‘இது மருந்து’ என்று ஒருவர் சொன்னால் இன்னொரு தட்டு வாங்கத்தான் தோன்றும். கதையில் எனக்கு இடித்தது ஒரே ஒரு விஷயம். என் கையிலிருந்த தொன்னையில் முக்கால்வாசி உருளைக்கிழங்கு. ஆண்டிஸ் மலைக்காரர்களின் கிழங்கு அது. வட இந்தியாவில் அது பரவலாகப் பயிரானது 18ஆம் நூற்றாண்டின் கடைசியிலும் 19ஆம் நூற்றாண்டிலும், ஆங்கிலேயர்கள் ஊக்கப்படுத்திய பிறகு. மிளகாய் பரவாயில்லை, போர்த்துக்கீசியர்கள் அதை 16ஆம் நூற்றாண்டிலேயே கொண்டுவந்துவிட்டார்கள். தயிர்வடைக்கு வந்தால், ஷாஜஹானுக்கு ஐந்நூறு வருஷம் முந்திய மானசோல்லாசத்திலேயே பாலில் ஊறிய வடை இருக்கிறது. (அதுவும் சோமேஸ்வரன் என்ற சாளுக்கிய ராஜாவின் பெயரில்தான் இருக்கிறது. வடைக்கும் ராஜா வேண்டியிருக்கிறது.) ஷாஜஹான் காலத்து அரண்மனைச் சமையலுக்கு ‘நுஸ்கா-இ-ஷாஜஹானி’ என்று ஒரு ஏடே உண்டு. புலாவ், கலியா, கபாப் என்று அது ஒரு தனி உலகம். தெருமுனைத் தொன்னைக்கும் அதற்கும் ரொம்ப தூரம்.

எங்களை அழைத்துப்போன வழிகாட்டிக்கு இருபத்தைந்து வயது இருக்கும். வரலாற்றில் முதுகலை படித்தவர். குழுவில் எட்டுப் பேர். மற்றவர்கள் புகைப்படம் எடுத்துக்கொண்டிருந்த நேரத்தில் என் அரைகுறை இந்தியில் உருளைக்கிழங்கைப் பற்றிக் கேட்டேன். சிரித்தார். “சார், எனக்கும் தெரியும். ஆலு வெள்ளைக்காரன் காலத்துல பரவினதுன்னு சொன்னா எல்லாரும் ‘ஓ’ம்பாங்க. பாதுஷா, ஹக்கீம்னு சொன்னா போனை வெளியே எடுப்பாங்க. அஞ்சு ஸ்டார் எதுக்கு விழும்னு நீங்களே சொல்லுங்க.”

மென்பொருள் வேலையில் இருப்பவனுக்கு இந்தத் தர்க்கம் புரியாமல் போகாது. எதை அளக்கிறோமோ அதுதான் பெருகும் என்பதை நாங்கள் தினமும் பார்க்கிறோம். அவர் தலைமேல் ஒரு நட்சத்திர எண்ணிக்கை தொங்குகிறது. 4.9 என்பது 4.6 ஆனால் அடுத்த வாரம் எட்டுப் பேர் வரமாட்டார்கள், மூன்று பேர் வருவார்கள். அவரைப் பொய்யர் என்று சொல்லிவிட்டு நகர்ந்துவிட எனக்கு மனமில்லை.

ஆனால் கேள்வி இருக்கத்தான் செய்கிறது. சாப்பாட்டோடு சேர்த்துப் பரிமாறப்படும் பொய்க்கதையால் யாருக்காவது நஷ்டம் உண்டா? குற்றமில்லாத நன்மையைத் தருமென்றால் பொய்யையும் வாய்மைக் கணக்கில் வைக்கலாம் என்று வள்ளுவர் ஒரு விலக்கு கொடுத்திருக்கிறார். நம்மில் பலர் ‘நன்மை’ என்ற இடத்திலேயே நின்றுவிடுகிறோம். கேட்பவருக்குச் சந்தோஷம், சொல்பவருக்கு வருமானம், கடைக்காரருக்கு வியாபாரம். வள்ளுவர் வைத்த கட்டுப்பாடு ‘குற்றமில்லாத’ என்பதில் இருக்கிறது. அதைச் சோதிக்க வேண்டுமென்றால், கதையில் யார் வருகிறார்கள் என்பதைவிட யார் வராமல் போனார்கள் என்று பார்க்க வேண்டும்.

தௌலத் கி சாட்டை எடுத்துக்கொள்வோம். பெயரில்தான் சாட், காரம், புளிப்பு எதுவும் கிடையாது. பால் நுரை, அவ்வளவுதான். குளிர்காலத்தில் மட்டும் கிடைக்கும். பிரம்பு மோடாவின் மேல் ஒரு அகலத் தாம்பாளம், அதில் மேகத்தைக் குவித்துவைத்தது மாதிரி வெளிர் மஞ்சள் நுரை. மேலே பொடித்த சர்க்கரை, கோவா, பிஸ்தாச் சீவல். வாயில் வைத்தால் இருந்ததா இல்லையா என்று சந்தேகம் வரும். குங்குமப்பூவின் வாசனையும் லேசான ஒரு குளிர்ச்சியும்தான் மிஞ்சும்.

இதற்கான கதையில் நிலா வருகிறது. பௌர்ணமி வெளிச்சத்தில், பனித்துளி இறங்க இறங்க, பால் தானாகவே நுரையாகிவிடுமாம். முகலாய இளவரசிகளுக்காகக் கண்டுபிடிக்கப்பட்டதாம். எங்கள் குழுவிலிருந்த ஒரு கனடா தம்பதி கண்ணை மூடிக்கொண்டு சாப்பிட்டார்கள்.

பால் தானாக நுரையாகாது. யாராவது கடைய வேண்டும். குளிர் எதற்கென்றால், பாலிலிருக்கும் கொழுப்புத் துளிகள் குளிரில் பாதி உறைந்தால்தான் காற்றுக் குமிழிகளைச் சுற்றிப் பிடித்துக்கொள்ளும். வெயில் ஏறினால் விட்டுவிடும், நுரை படுத்துவிடும். அதனால்தான் ராத்திரி வேலை. பாலையும் கிரீமையும் கலந்து குளிரவைத்து, விடிவதற்கு முன்னால் மணிக்கணக்காகக் கடைந்து, மேலே வரும் நுரையை மட்டும் கரண்டியால் வழித்து வழித்துச் சேர்க்க வேண்டும். லக்னோவில் இதையே நிமிஷ் என்கிறார்கள், காசியில் மலையோ. இந்த ஊர்களுக்கெல்லாம் பொதுவாக ஒரு இளவரசி கிடையாது. குளிர்காலம் உண்டு, பால் உண்டு, தூக்கத்தை விற்கத் தயாராக இருக்கும் ஆட்கள் உண்டு.

தாம்பாளத்துக்குப் பின்னால் நின்றவரிடம் எத்தனை மணிக்கு ஆரம்பிப்பீர்கள் என்று கேட்டேன். “ரெண்டு மணிக்கு, பாய்சாப்.” பனி விழாத ராத்திரியில்? “பனி எங்கே இருக்கு இப்பல்லாம்? ஐஸ் கட்டிதான்.” யார் கண்டுபிடித்தது இதை? அவர் தோளைக் குலுக்கினார். “அது யாருக்குத் தெரியும்? எனக்கு என் சித்தப்பா கத்துக்கொடுத்தார். அவரும் இங்கேதான் நின்னு வித்தார்.”

அவர் கை அதற்குள் அடுத்த தொன்னையை நிரப்பத் தொடங்கியிருந்தது. வழிகாட்டி இதை ஆங்கிலத்தில் யாருக்கும் சொல்லவில்லை. குழு பராட்டா சந்துக்குள் திரும்பிவிட்டிருந்தது.

நிலாவுக்குப் புகழ் போனதில் இவருக்கு என்ன குறைந்தது என்று கேட்கலாம். நானும் கேட்டுப் பார்த்தேன். பணம் என்றால், எங்கள் எட்டுப் பேருக்கும் ஒவ்வொரு தொன்னைக்கான காசு அவருக்குக் கிடைத்தது. நாங்கள் வராவிட்டால் அதுவும் இல்லை. நடைக்கு ஒருவருக்கு மூவாயிரம் ரூபாய் கொடுத்திருந்தோம். அன்று காலை சாப்பிட்டதற்கெல்லாம் தோராயமாக ஒரு கணக்குப் போட்டால் தலைக்கு நானூறு தாண்டாது. மீதியில் ஏமாற்று எதுவும் இருப்பதாக நான் நினைக்கவில்லை. எந்த வண்டியில் எண்ணெய் புதிது, எந்தச் சந்தில் எப்போது கூட்டம் என்று தெரிந்துவைத்திருப்பதும் உழைப்புதான், அதற்கும் கூலி உண்டு. பண விஷயத்தில் கதைக்குச் சாதகமாகவே தீர்ப்பு சொல்லிவிடலாம்.

நஷ்டம் வேறு இடத்தில் இருக்கிறது. செங்கோட்டைக்கு எதிரிலிருந்து ஃபதேபுரி மசூதிவரை போகும் சாந்தினி சவுக் சாலையை 2021இல் புதுப்பித்துத் திறந்தார்கள். பகலில் மோட்டார் வண்டி நுழையாது, சிவப்புக் கல் நடைபாதை, உட்கார இடம். நடக்க நன்றாகவே இருக்கிறது. அதே சாலையில் தெரு வியாபாரம் செய்யத் தடையும் இருக்கிறது. மாநகராட்சி ஆட்கள் வந்தால் தள்ளுவண்டிகள் பக்கத்துச் சந்துகளில் மறையும், போனதும் திரும்ப முளைக்கும். ‘பாரம்பரியத்தை மீட்கிறோம்’ என்பதுதான் புதுப்பிப்பின் முழக்கம். எந்தப் பாரம்பரியம்? ஷாஜஹானின் மகள் ஜஹானாரா அமைத்த சவுக், நடுவே ஓடிய கால்வாய், தண்ணீரில் நிலா. தௌலத் கி சாட்டின் கதையில் வரும் அதே நிலா! உணவுச் சுற்றுலாக் கதையும் நகர அழகுக் கதையும் ஒரே எழுத்தாளர் எழுதியதுபோல இருக்கின்றன. இரண்டிலும் அரண்மனைதான் ஊற்று. நுரை பாதுஷாவின் சொத்து என்றால், அதை விற்க நிற்கும் ஆள் எந்தக் கணக்கில் வருகிறார்? ‘ஆக்கிரமிப்பு’ என்ற கணக்கில்.

இங்கே எனக்கு ஆச்சரியம் தந்தது சட்டப் புத்தகம். 2014ஆம் வருஷத்துத் தெரு வியாபாரிகள் சட்டத்தில், கணக்கெடுப்பு முடிந்து சான்றிதழ் கொடுக்கும்வரை யாரையும் அப்புறப்படுத்தக் கூடாது என்று இருக்கிறது. நகர விற்பனைக் குழுவில் வியாபாரிகளின் பிரதிநிதிகள் 40 சதவீதத்துக்குக் குறையக் கூடாது. இரண்டாம் அட்டவணையில் இன்னொரு வரி: தெரு வியாபாரிகள் ஐம்பது வருஷத்துக்கு மேல் வியாபாரம் செய்துவரும் இயல்பான சந்தைகளைப் பாரம்பரியச் சந்தைகளாக அறிவிக்க வேண்டும், அங்கே இருப்பவர்களை இடம் மாற்றக் கூடாது. பாரம்பரியம் என்ற சொல்லுக்கு நாடாளுமன்றம் கொடுத்த அர்த்தம் பாருங்கள். சக்கரவர்த்தி வேண்டாம், ஹக்கீம் வேண்டாம். ஐம்பது வருஷம் ஒருவர் நின்று விற்றிருந்தால் போதும்.

‘என் சித்தப்பாவும் இங்கேதான் நின்னு வித்தார்’ என்ற வாக்கியத்துக்கு அந்தச் சட்டத்துக்குள் ஒரு எடை உண்டு. நிலா வெளிச்சத்துக்கு எந்த எடையும் இல்லை. எட்டுப் பேர் கேட்டு, போனில் பதிவுசெய்து, நாலு கண்டத்துக்கும் எடுத்துப்போகக்கூடிய ஒரு சாட்சியத்தின் இடத்தில் ஒரு அலங்காரத்தை வைத்துவிட்டோம். எங்கள் தொழிலில் ஒவ்வொரு வரி நிரலுக்கும் யார் எழுதியது, எப்போது எழுதியது என்று ஒரு பதிவு இருக்கும். அந்தப் பதிவை அழித்துவிட்டு மொத்தத்தையும் முதலாளி பெயரில் போட்டால் நிரல் அப்படியே ஓடும். எழுதியவரை வேலையிலிருந்து அனுப்புவது மட்டும் சுலபமாகிவிடும்.

இதற்கு ஒரு எதிர்வாதம் இருக்கிறது, என்னால் அதை முழுக்கத் தள்ள முடியவில்லை. பாதுஷா கதையைக் கடைக்காரர்களே விரும்பிச் சொல்கிறார்களே? ஜாமா மசூதிக்குப் பக்கத்திலிருக்கும் கரீம் உணவகம் 1913இல் தொடங்கியது. முன்னோர்கள் முகலாய அரண்மனையில் சமைத்தவர்கள் என்பது அந்தக் குடும்பம் சொல்லும் வரலாறு. 1857க்குப் பிறகு தில்லி முஸ்லிம்கள் வீடுகளையும் பதவிகளையும் இழந்தார்கள், கோட்டையைச் சுற்றியிருந்த குடியிருப்புகளை ஆங்கிலேயர்கள் இடித்துத் தரைமட்டமாக்கினார்கள். அப்படிப்பட்ட ஊரில் ‘நாங்கள் அரண்மனைக்காரர்கள்’ என்று ஒரு சமையற்காரர் சொல்லிக்கொள்வதை ஆவணத்தோடு வா என்று கேட்பது அசிங்கம். அது அவருக்கு மிஞ்சிய மானம். ஆனாலும் அதே குடும்பம் சொல்லும் இன்னொரு பகுதிதான் எனக்கு அதிகம் பிடிக்கிறது. 1911இல் ஜார்ஜ் மன்னரின் தர்பாருக்கு ஊரெல்லாம் கூடியபோது, ஆலு கோஷ்த், பருப்பு, ரொட்டி என்று மூன்றை மட்டும் வைத்து ஒரு சாப்பாட்டுக் கடை போட்டாராம் ஹாஜி கரீமுத்தீன். ராஜாவைப் பார்க்க வந்த கூட்டத்துக்குப் பசிக்கும் என்று யோசித்தவர். ஆலு கோஷ்தில் உருளைக்கிழங்கு இருக்கிறது, காலமும் சரியாகப் பொருந்துகிறது.

ஆகவே யார் சொல்கிறார் என்பது முக்கியம் என்றுதான் இப்போதைக்குத் தோன்றுகிறது. தன்னைப் பற்றி ஒருவர் கொஞ்சம் கூட்டிச் சொன்னால் அது அவர் உரிமை. அவர் பக்கத்தில் நிற்கும்போதே அவரைத் தாண்டி ராஜாவைக் காட்டும் சுட்டுவிரலைத்தான் என்னால் ஒப்ப முடியவில்லை. அந்த விரலுக்கும் வாடகை கட்ட வேண்டியிருக்கிறது என்பது தெரிந்தும்.

காரி பாவ்லி மசாலா மண்டியில் மாடிக்குப் போகும் குறுகலான படியில் நாங்கள் சுவரோடு ஒட்டி நின்றோம். மிளகாய் நெடியில் எல்லோரும் இருமினோம். மூட்டை சுமப்பவர்கள் ஒருவர் பின் ஒருவராக இறங்கி வந்தார்கள். அவர்களும் இருமினார்கள், ஆனால் நடை நிற்கவில்லை. மேலே மொட்டை மாடியிலிருந்து மசூதிக் கும்மட்டங்கள் அழகாகத் தெரிந்தன. எல்லோரும் படம் எடுத்தார்கள், நானும்.

கடைசியாக மட்டியா மஹால் பக்கம் போனோம். ஒரு நிஹாரிக் கடையில் பெரிய தேக்சா காலியாகிக் கழுவக் கிடந்தது. விடியற்காலையில் திறந்து சீக்கிரமே தீர்ந்துவிடும் கடை. வழிகாட்டி வழக்கமான இடத்தில் நின்று தொண்டையைச் செருமினார். “நஹார் என்றால் அரபியில் பகல். ராத்திரி முழுக்கச் சின்னத் தீயில் கிடக்கும் கறி. மலிவான கறித்துண்டு, எலும்பு, நெடுநேரம் வெந்தால்தான் மெதுவாகும். விடியற்காலையில் மூட்டை தூக்கப் போகிறவர்களும் கட்டட வேலைக்குப் போகிறவர்களும் சாப்பிட்டுவிட்டுப் போனால் மதியம்வரை தாங்கும்.” அத்தோடு நிறுத்திக்கொண்டார். பாதுஷாவைக் காணோம்.

புனேயிலிருந்து வந்திருந்த அம்மாவுக்கு அது போதவில்லை. “நவாபுகளும் இதைத்தானே சாப்பிட்டார்கள்?” என்று கேட்டார்.

அவர் என்னை ஒரு தரம் பார்த்தார். பிறகு காலித் தேக்சாவைப் பார்த்தார்.

“சாப்பிட்டிருப்பாங்க மேடம்,” என்றார். “மிச்சம் இருந்திருந்தா.”