விற்ற நிலமும் விற்க இயலாத நீரும்

சில ஆண்டுகளுக்கு முன், அறுவடை முடிந்த ஒரு மாலையில், நம் பங்கைச் சேர்ந்த முதியவர் ஒருவர் நம்மைத் தேடி வந்தார். செங்கல்பட்டுப் பக்கத்தில் ஓர் ஏரியின் கீழ் அவருக்கு இரண்டு ஏக்கர் நஞ்சை இருந்தது. மகன் தொழிற்சாலை வேலைக்குப் போய்விட்டான். "சாமி, மனை போடறதுக்குக் கேக்கறாங்க. நல்ல விலை. வித்தா பாவமா?" என்று கேட்டார்.

பாவமில்லை என்று உடனே சொல்லிவிடலாம். சட்டமும் குறுக்கே நிற்கவில்லை. ஆனால் அவர் கேட்டது சட்டத்தை அன்று. ஒரு வயலை விற்கும்போது உண்மையில் எது விற்கப்படுகிறது? அது முழுவதும் விற்பவருக்கே உரியதுதானா? சில நாள் பொறுத்து வரச் சொன்னோம். அந்த நாட்களில் எழுந்த எண்ணங்களையே இங்கே வாசகர்களோடு பகிர்ந்துகொள்கிறோம்.

செங்கல்பட்டுச் சீமையை ஏரி மாவட்டம் என்பர். இங்கே பாலாறு ஆண்டின் பெரும்பகுதி மணலாறாகவே கிடக்கும். ஆகவே வடகிழக்குப் பருவமழை தரும் நீரைக் கரை எழுப்பித் தேக்கினர் முன்னோர். ஓர் ஏரி நிரம்பினால் கலங்கல் வழியே வழிந்து அடுத்த ஏரிக்குச் செல்லும். அது நிரம்பினால் அதற்கடுத்த ஏரிக்கு. சம்பா, நவரை, சொர்ணவாரி என்று பருவந்தோறும் நெல் விளைந்தது இந்தச் சங்கிலித் தொடரால்தான். பத்தாம் நூற்றாண்டின் முற்பகுதியைச் சேர்ந்த உத்திரமேரூர்க் கல்வெட்டுகள், ஏரியைப் பேணுவதற்கென்றே ஏரி வாரியம் ஒன்றை ஊரார் தேர்ந்தமைத்த முறையைக் கூறுகின்றன. மேலூரின் மிச்சம் கீழூரின் உயிர் என்னும்போது, நீரை ஒருவர் தமக்கே உரியதென்று கூறுவது எங்ஙனம்?

வேடந்தாங்கல் மக்கள் ஏரியில் தங்கும் பறவைகளை வேட்டையாட விடாமல் காத்தனர். பறவைகளின் எச்சம் கலந்த நீர் வயலுக்கு உரமாயிற்று. தம் நலமும் பிற உயிரின் நலமும் ஒன்றே என்பதை அவர்கள் நூல் படித்து அறிந்தார்களில்லை.

1763-இல் ஆர்க்காட்டு நவாப் முகமது அலி இப்பகுதியைக் கிழக்கிந்தியக் கம்பெனிக்கு ஜாகீராக அளித்தார். 1767 முதல் 1774 வரை தாமஸ் பர்னார்டு என்னும் ஆங்கிலேயப் பொறியாளர் இங்குள்ள ஏறத்தாழ இரண்டாயிரம் ஊர்களின் கணக்கைத் திரட்டினார். அக்கணக்குகள் காட்டும் செய்தி சிந்தனைக்குரியது. களத்தில் நெல் குவிந்ததும் கணக்கர், காவலர், தச்சர், கொல்லர், வண்ணார் முதலியோருக்கும் கோயில்களுக்கும் பங்கு அளந்து வைக்கப்பட்டது. மிராசு என்பதும் தனித்துண்டு நிலத்தின் உடைமை என்பதைவிட, ஊரின் விளைவில் ஒரு பங்கு என்றே பொருள்பட்டது. பங்கோடு கடமையும் ஒட்டியிருந்தது.

இதைக் கேட்டு, அந்தக் காலமே பொற்காலம் என்று பாடத் தொடங்குவோமாயின் நாம் பொய் சொன்னவர்களாவோம். பங்கு அளந்த அதே களத்தில், நாற்று நட்டுக் கதிர் அறுத்த சேரி மக்கள் படியாட்களாகப் படிக்காகக் காத்து நின்றனர். 1891-இல் மாவட்ட ஆட்சியர் டிரெமன்ஹீர் அரசுக்கு எழுதிய அறிக்கை அவர்களது நிலையை விளக்கியது. குடிசை நிற்கும் மண்கூட அவர்களுக்குச் சொந்தமில்லை. தரிசு நிலம் கேட்டு மனுச் செய்தால் மிராசுதார்களின் முன்னுரிமை குறுக்கே நின்றது. ஸ்காட்லாந்துச் சபையைச் சேர்ந்த ஆடம் ஆண்ட்ரூ போன்ற மறைப்பணியாளர்களும் இந்த அநீதியை எடுத்துரைத்தனர். 1892-இல் ஒடுக்கப்பட்டோருக்கு நிலம் ஒதுக்கும் ஆணை பிறந்தது. பிறருக்குக் கைமாற்றலாகாது என்ற நிபந்தனையோடு அளிக்கப்பட்ட அந்தப் பஞ்சமி நிலத்தில் பெரும்பகுதி பின்னர் கைமாறிப்போன கதை நாடறிந்தது.

அந்த முதியவரின் வயலில் நாற்பது ஆண்டுகள் களை பறித்த மூதாட்டி ஒருவரும் நம் பங்கில் இருந்தார். வயல் விலைக்கு வருவதைச் சொல்லி, வருத்தமா என்று கேட்டோம். "எனக்கென்ன வருத்தம் சாமி? அது என் நெலமா? எம் பேரன் சேத்துல எறங்க வேணாம், அது போதும்" என்றார். வயல் மறைவதைக் கண்டு கண்ணீர் வடிக்கும் நம் போன்றோர் இந்தப் பதிலை மனத்தில் வைத்துக்கொள்வது நல்லது. 1964-இல் அம்பத்தூர்த் தொழிற்பேட்டை தோன்றியது. 1990-களின் பிற்பகுதியில் திருப்பெரும்புதூரிலும் மறைமலை நகரிலும் கார் ஆலைகள் எழுந்தன. மிராசுதார் வீட்டு வாசலில் குனிந்து நின்றவரின் பேரனுக்கு, அந்த ஆலைகள் நிமிர்ந்து நடக்க ஒரு வழி காட்டின. அந்த வேலையும் பலருக்கு ஒப்பந்த வேலையே. மறைமலை நகர் ஆலை 2022-இல் உற்பத்தியை நிறுத்தியபோது தொழிலாளர் பட்ட பாட்டையும் மறப்பதற்கில்லை. ஆயினும், பழைய அடிமைத்தனத்துக்குத் திரும்பிப் போ என்று எவருக்கும் சொல்ல நமக்கு உரிமையில்லை.

அப்படியானால் விற்பதே சரியா? 2015-ஆம் ஆண்டு நவம்பர், டிசம்பர் மாதங்களில் பெய்த மழை வேறொன்றைக் கற்பித்தது. அடையாற்றின் மேற்பகுதியில் முடிச்சூரும் வரதராஜபுரமும் நீரில் மூழ்கின. வயலாக இருந்தவரை வெள்ளத்தை ஏந்தி நின்ற தாழ்நிலம் மனையாகிவிட்டது. நீர் தன் பழைய வழியைத் தேடி வந்தது. சேமித்த பணத்தையெல்லாம் போட்டு அங்கே வீடு கட்டியவர்கள் எளிய குடும்பத்தினரே. நான்கே ஆண்டுகளில், 2019 கோடையில், சென்னைக்கு நீர் தரும் ஏரிகள் வறண்டன. சுற்றுப்புற ஊர்களின் கிணற்று நீர் லாரிகளில் நகரத்துக்குச் சென்றது. வெள்ளமும் வறட்சியும் ஒரே தவற்றின் இரு முகங்கள். மண்ணை மட்டும் விற்கிறோம் என்று எண்ணிய நாம், அதனோடு நீரின் வழியையும் சேர்த்து விற்றுவிட்டோம்.

ஆகவே நாம் கண்ட விடை இது. நிலத்தில் ஒருவருக்கு உரிமை உண்டு. ஆனால் அது ஒரு பங்கின் உரிமையே. நீருக்கு அதில் ஒரு பங்குண்டு. அம்மண்ணில் உழைத்தவருக்கு ஒரு பங்குண்டு. நாளை அங்கே குடிவருபவருக்கும் ஒரு பங்குண்டு. தன் பங்கை விற்பவர் குற்றவாளியல்லர். பிறர் பங்கையும் சேர்த்து விலை பேசுபவரே அநீதி செய்கிறார்.

முதியவர் மீண்டும் வந்தபோது, விற்காதீர்கள் என்று நாம் சொல்லவில்லை. "உங்கள் வயலின் ஊடே கீழ் ஏரிக்குப் போகும் கால் இருக்கிறதே, அது யாருடையது?" என்று மட்டும் கேட்டோம். அவர் நெடுநேரம் பேசவில்லை. பின்னர் விற்றார். காலைத் தூர்க்கக் கூடாது என்று தரகரிடம் பிடிவாதமாக நின்றதால் மனைகள் குறைந்தன, விலையும் குறைந்தது. இன்றும் அந்தப் புதிய தெருக்களின் நடுவே, மழைக்காலத்தில் ஒரு சிறு கால் ஓடுகிறது.

களை பறித்த மூதாட்டியின் பங்கு என்ன ஆயிற்று என்று நாம் அவரைக் கேட்கவில்லை. கேட்டிருக்க வேண்டும்.