விழுகிறவர்களைப் பார்த்துச் சிரிப்பது

தகேஷி கிட்டானோ என்ற பெயரை என் நண்பர்கள் இரண்டு தனித்தனி ஆட்களாகத்தான் அறிந்திருக்கிறார்கள். ஒருவர் 'தகேஷிஸ் காஸல்' கோட்டையின் பிரபு. இன்னொருவர் 1997-இல் 'ஹனா-பி' படத்துக்காக வெனிஸில் தங்கச் சிங்கம் வாங்கிய இயக்குநர். ரெண்டும் ஒரே ஆள்தான் என்றால், 'சும்மா கதை விடாதே' என்பார்கள். ஜப்பானியர்களுக்கே இந்தச் சிக்கல் இருந்திருக்கிறது. 1983-இல் 'மெர்ரி கிறிஸ்மஸ் மிஸ்டர் லாரன்ஸ்' படத்தில் போர்க்கைதி முகாமின் முரட்டு சார்ஜண்டாக நடித்தார். தியேட்டருக்குப் போய் உட்கார்ந்தால், அவர் முகம் திரையில் வந்ததுமே கூட்டம் சிரித்தது. மேடை நகைச்சுவையில் பேர் வாங்கியவருக்குக் கிடைத்த பரிசு அது.

என் கேள்வி வேறு. ஒருவர் விழும்போது நாம் சிரிப்பது சரிதானா?

'காஸல்' 1986-இலிருந்து 1990 வரை ஓடியது. நூற்றுக்கும் மேற்பட்ட சாதாரண ஆட்கள் ஓடி வருவார்கள். குளத்தில் கிடக்கும் கற்களில் சில உறுதியானவை, சில மிதவைகள். மிதவையில் கால் வைத்தவர் சேற்றுத் தண்ணீரில். பரிசு பத்து லட்சம் யென், ஆனால் ஜெயித்தவர்கள் மிகச் சிலர்.

இதற்கு உடனே வரும் பதில், 'அவங்களாத்தானே வந்தாங்க?' என்பது. சம்மதம் கொடுத்தவரைப் பார்த்துச் சிரிப்பதில் என்ன தப்பு? பாதி ஒப்புக்கொள்கிறேன். ஆனால் அந்தச் சம்மதம் எவ்வளவு தூரம் செல்லும்? பிரிட்டனில் கிரெய்க் சார்ல்ஸும் இந்தியில் ஜாவேத் ஜாஃப்ரியும் தங்கள் குரலை அந்த ஓட்டத்தின்மேல் போட்டார்கள். அமெரிக்கப் பதிப்பு இன்னும் மோசம், பங்கேற்பாளர்களுக்குப் புதுப் பெயரும் புது வசனமும் கட்டிவிட்டது. விழுவதற்குச் சம்மதித்தவர், வேறொருவர் வாயால் பேசவும் சம்மதித்தாரா?

நமக்கு இந்தக் காட்சி புதிதல்ல. மயன் கட்டிய சபையில் தரையென்று நினைத்துத் தண்ணீரில் விழுந்தவன் துரியோதனன். வியாசரில் பீமனும் தம்பிகளும் சிரிக்கிறார்கள், கூத்தில் திரௌபதி சிரிக்கிறாள். யார் சிரித்தார்கள் என்பதைவிட, அது சிரித்தவர்களின் வீடு என்பதுதான் என்னை உறுத்துகிறது. எங்கே நீர், எங்கே பளிங்கு என்று அவர்களுக்குத் தெரியும். விழுந்தவன் விருந்தாளி. காஸலிலும் பிரபு காய்ந்த இடத்தில்தான் உட்கார்ந்திருப்பார்.

ஆனால் அந்தப் பிரபுவையும் ஒரு கேமரா தேடி வந்தது. நிகழ்ச்சி தொடங்கிய அதே 1986-இன் டிசம்பரில், தன் தோழியான மாணவியை 'ஃப்ரைடே' பத்திரிகைக்காரர்கள் துரத்திய கோபத்தில், சீடர்களோடு நள்ளிரவுக்குப் பிறகு அதன் அலுவலகத்தில் புகுந்து அடித்தார். நிறுத்திவைக்கப்பட்ட சிறைத்தண்டனை கிடைத்தது. அந்த அடிதடியை நான் நியாயப்படுத்த மாட்டேன். ஆனாலும், தன் ஆளை யாரோ வேடிக்கைப் பொருளாக்கும்போது சிரிப்பு எங்கே போகிறது என்பது அதில் தெரிகிறது.

1994 ஆகஸ்டில் ஸ்கூட்டரிலிருந்து அவரே விழுந்தார். உயிர் தப்பியது பெரிய விஷயம், முகத்தின் ஒரு பக்கம் செயலிழந்தது. கோணிய முகத்தோடு நிருபர்கள் முன்னால் வந்து உட்கார்ந்தார், பிறகு தொலைக்காட்சிக்கும் திரும்பினார். முகம்தான் ஒரு கோமாளியின் முதல் என்று நினைத்தால் இது எவ்வளவு துணிச்சல்! பரிதாபப்பட விடாமல் அந்த முகத்தை வைத்தும் ஜோக் அடித்தார்.

சிரிக்கும் நேரத்தில் மனம் கொஞ்சம் மரத்துப்போக வேண்டும் என்று பெர்க்சன் 1900-இல் எழுதினார். காஸலுக்கு அது பொருந்தும். விபத்துக்கு முந்தைய வருடம் கிட்டானோ எடுத்த 'சொனாட்டின்' படத்துக்குப் பொருந்தவில்லை. ஒகினாவா கடற்கரையில் பதுங்கியிருக்கும் யாகுசாக்கள் பொழுது போகாமல் மணலில் குழி வெட்டி ஒருவரையொருவர் விழவைக்கிறார்கள். அப்படியே காஸல்தான்! நான் வாய்விட்டுச் சிரித்தேன். அப்புறம் ஒவ்வொருவராகச் சாகிறார்கள். மனம் மரத்திருந்தால் எனக்கு அது வலித்திருக்கக் கூடாது. சிரித்த நேரத்தில்தான் அவர்களோடு பழகியிருந்தேன் என்று தோன்றுகிறது. சிரிப்புக்குப் பிறகும் கேமரா அவர்களை விட்டுப் போகவில்லை, அலை ஓசையோடு சும்மா நின்றது.

காஸலில் விழுந்தவர் முகத்தைத் துடைத்துக்கொள்வதற்குள் அடுத்தவர் ஓடத் தொடங்கியிருப்பார். எத்தனை பகுதிகள் பார்த்திருப்பேன். சேற்றிலிருந்து எழுந்த ஒரு முகமாவது ஞாபகம் வருகிறதா என்று யோசிக்கிறேன், வரவில்லை.