பேரைக் கேட்கிறவர்கள்

தொலைக்காட்சியில் நீண்ட பேட்டி என்றால் பதில் சொல்கிறவர்தான் கூண்டில் நிற்கிறார். கேட்கிறவரை யாரும் கேட்பதில்லை. கேட்கிற உரிமை எங்கிருந்து வருகிறது?

1963இல் சிகாகோவில் 'சிட்டி டெஸ்க்' என்ற நிகழ்ச்சியில் மால்கம் எக்ஸைப் பேட்டி கண்டார்கள். உண்மையான பெயர் என்ன என்கிறார் செய்தியாளர். மால்கம் எக்ஸ் என்கிறார். அது சட்டப்படியான பெயரா? என்னைப் பொறுத்தவரை அதுதான். சரி, அப்பாவின் குடும்பப் பெயர்? அப்பாவுக்கே தன் பெயர் தெரியாது, பாட்டன் பூட்டன் வழியாக வந்தது அடிமை எஜமானின் பெயர் என்று மால்கம் பொறுமையாகச் சொல்கிறார். அப்புறமும் விடவில்லை.

நமக்கு இது புதுசா? 'தம்பி பேரென்ன? அப்பா பேரு? ஊர்ல எந்தத் தெரு?' வாடகைக்கு வீடு கேட்டுப் போனால் மூணாவது கேள்வியில் அவனுக்கு வேண்டியது கிடைத்துவிடும். மரியாதையாகத்தான் கேட்பான்.

பொது வாழ்க்கைக்கு வந்தவர் எல்லாவற்றுக்கும் பதில் சொல்லத்தானே வேண்டும் என்பார்கள். 1977இல் டேவிட் ஃப்ராஸ்ட் வாட்டர்கேட் பற்றி நிக்சனைக் குடைந்தாரே, அது நியாயம். நாட்டை ஆண்டவன் கணக்குச் சொல்லக் கடமைப்பட்டவன். பெயரைப் பறிகொடுத்தவன் யாருக்குக் கணக்குச் சொல்ல வேண்டும்?

அதே 1963இல் பாஸ்டன் தொலைக்காட்சிக்காகக் கென்னத் கிளார்க்கும் மால்கமைப் பேட்டி கண்டார். கிளார்க் கறுப்பர், உளவியல் அறிஞர். மனைவி மேமியோடு சேர்ந்து, கறுப்புக் குழந்தைகளிடம் கறுப்புப் பொம்மையையும் வெள்ளைப் பொம்மையையும் கொடுத்து, ஒடுக்குமுறை பிஞ்சு மனசை என்ன செய்கிறது என்று பார்த்தவர். பள்ளிகளில் இனப்பிரிவினை கூடாதென்ற 1954ஆம் ஆண்டுத் தீர்ப்பு கிளார்க்கின் ஆய்வைச் சுட்டியது. அவரும் பிறந்து வளர்ந்த கதையைத்தான் கேட்டார். 1925இல் ஒமாஹாவில் பிறந்ததை, அப்போது அங்கே கூ கிளக்ஸ் கிளான் பலமாக இருந்ததை மால்கம் தயங்காமல் சொன்னார். கிளார்க் சொறிந்துகொடுக்கவும் இல்லை. கிங்கின் அகிம்சையைப் பற்றி மால்கமிடம் கேட்டார். மால்கமின் விமர்சனத்தைக் கிங்கிடமே வைத்தார்.

அப்படியானால் கறுப்பர் கேட்டால் சரி, வெள்ளையர் கேட்டால் தப்பா? பிறப்பை வைத்து உரிமை கொடுத்தால் நாமும் மனுவின் பேரப்பிள்ளைகள்தான். நான் பார்ப்பது ஒன்றைத்தான்: வருகிற பதில் கேட்டவரைத் தொடுகிறதா? சிகாகோவில் ஒரு சமூகத்தின் வரலாறே பதிலாக வந்தது. கேட்டவர் மறுபடி அதே கேள்விக்குத் திரும்பினார். அவருக்குத் தெரிய வேண்டியது எதுவும் இல்லை, நிரூபிக்க வேண்டியது இருந்தது.

பதிலால் கொஞ்சமும் மாறச் சம்மதிக்காதவர் நடத்துவது பேட்டி இல்லை, விசாரணை. அங்கே வாய் திறக்க மறுப்பதும் நேர்மையான பதில்தான்.